தலைகீழாய் நிற்கும் விண்மீன்
(திரிசங்குவின் வானம் பற்றிய ஒரு நோக்கு)

உலகில் இல்லாத ஒரு பொருளைப் புலவன் தன் படைப்பினுட் கொணரும்போது அதனை எந்த அளவுகோல் கொண்டு அளப்பது என்ற வினா திறனாய்வுத் துறைக்குப் புதியதன்று. நடக்கக்கூடியதாயினும் நம்பவியலாத நிகழ்ச்சியைவிட, நடக்கவியலாததாயினும் நம்பத்தக்கதாய்த் தோன்றும் நிகழ்ச்சியே கவிதைக்கு உகந்தது என்று அரிஸ்டாட்டில் தமது கவிதையியலில் வாதிட்டார். நம் முன்னோர் நாடக வழக்கென்றும் உலகியல் வழக்கென்றும் பிரித்து, இரண்டும் கூடிய இடத்திலேயே புலனெறி வழக்குத் தோன்றுவதாகக் கண்டனர். இல்லாத பொருளை உவமையாக்குவதற்கு அபூத உவமை என்றும் இல்பொருள் உவமை என்றும் அணிநூலார் பெயரிட்டு, அதற்கும் இலக்கணம் வகுத்தனர். ஆகவே, கற்பனைப் பொருள் உண்மையா பொய்யா என்று வினவுவது திறனாய்வாகாது. தான் பிறந்த கற்பனை உலகினுள் அப்பொருள் யாது தொழில் செய்கின்றது, அவ்வுலகின் நீதியை அது எவ்வாறு தாங்குகின்றது அல்லது குலைக்கின்றது என்று வினவுவதே திறனாய்வாகும்.

இந்த வினாவை முன்வைத்து ஆராயத்தக்க பொருள்களுள் திரிசங்குவின் விண்மீன் தலையாயது. வால்மீகியின் காவிய உலகில், முன்பே படைக்கப்பட்டிருந்த வானத்தின் அருகே, ஒரு முனிவனின் சினத்தாற் புதிதாகப் படைக்கப்பட்ட மற்றொரு வானத்தின் நடுவில் நிற்பது அது. அதனை நான் தெரிந்தெடுத்தமைக்கு வேறொரு காரணமும் உண்டு. கரையோரச் சிற்றூர்களிலிருந்து பல்கலைக்கழகம் புகும் மாணவரைப் பற்றிய உரையாடலொன்றில், அவர்கள் கடலுக்கும் ஆகாமற் கல்விக்கும் ஆகாமல் திரிசங்கு நிலையில் நிற்பவர்கள் என்று ஒருவர் சொல்லக் கேட்டேன். சொன்னவர் இரக்கத்தோடுதான் சொன்னார். ஆயினும், உச்சமுனையிற் பிறந்து கலைப்பீடத்தில் தமிழ் பயிலும் எனக்கு அச்சொல் இலகுவிற் செரிக்கவில்லை. அந்த உவமை எங்கிருந்து வந்தது, அது முழு உண்மையைத்தான் சொல்லுகின்றதா என்று மூலத்தைத் தேடிப் படித்தேன். அதன் பயனே இக்கட்டுரை.

கதையும் அதன் கட்டுக்கோப்பும்

வால்மீகி இராமாயணத்தின் பாலகாண்டத்திலே, மிதிலையிற் சதானந்த முனிவர் விசுவாமித்திரரின் வரலாற்றை இராமனுக்கு எடுத்துரைக்கிறார். திரிசங்கு கதை அவ்வரலாற்றின் ஒரு பகுதி. இக்குவாகு குலத்து அரசனாகிய திரிசங்கு, தன் உடலோடே வானுலகம் புக விரும்புகிறான். குலகுருவாகிய வசிட்டர் அது இயலாதென மறுக்கிறார். அரசன் தென்திசையிலே தவமியற்றும் வசிட்டரின் மைந்தர் நூற்றுவரிடம் செல்கிறான். அவர்களும் மறுக்கவே, வேறொருவரை நாடுவேன் என்கிறான். அவ்வொரு சொல்லுக்காக அவர்கள் அவனைச் சண்டாளனாகுமாறு சபிக்கின்றனர். பொழுது விடிகையில் அவன் மேனி கறுத்து, ஆடை கறுத்து, பொன்னணி இரும்பணியாக மாறிவிடுகின்றது. நேற்றுவரை அவனோடிருந்த அமைச்சரும் நகரமாந்தரும் அவனைக் கண்டு ஓடுகின்றனர்.

தனித்து நின்றவன் விசுவாமித்திரரை அடைகிறான். அவர் இரங்கி வேள்வி தொடங்குகிறார். வேள்வி செய்விப்பவன் சத்திரியன், செய்பவன் சண்டாளன், இதில் வானோர் எங்ஙனம் அவி உண்பர் என்று கூறி அழைப்பை மறுத்தவர்களும் உண்டு. வானோரும் வரவில்லை. முனிவர் தம் தவவலிமை ஒன்றையே துணையாகக் கொண்டு அரசனை மேலே செலுத்துகிறார். அவன் வானுலகின் வாயிலை அணுகியதும், குருவின் சாபம் பெற்றவனுக்கு இங்கு இடமில்லையென இந்திரன் தலைகீழாக விழச்செய்கிறான். விழுபவன் காக்குமாறு கூவுகிறான். முனிவர் அவனை நடுவானிலே நிற்கச் செய்கிறார். நிறுத்தியதோடு அமையாது, தென்திசையிலே வேறொரு முனிவர் எழுவரையும் வேறொரு விண்மீன் வரிசையையும் படைக்கிறார். வேறொரு இந்திரனைப் படைப்பேன், இல்லையேல் இந்திரனே இல்லாத உலகைப் படைப்பேன் என்று தொடங்குகிறார். அஞ்சிய வானோர் இறங்கி வந்து உடன்படிக்கை செய்கின்றனர். புதிய விண்மீன்கள் நிலைபெறலாம். ஆனால் வைசுவானர நெறி எனப்படும் பழைய வான்வழிக்குப் புறத்தேதான் அவை நிற்கவேண்டும். அவற்றின் நடுவே திரிசங்கு தேவரைப்போல ஒளிர்வான். ஆனால் தலைகீழாகவே நிற்பான்.

இவ்வுடன்படிக்கையைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். முனிவரின் சொல் பொய்க்கவில்லை. வானோரின் சட்டமும் உடையவில்லை. இரு திறத்தாரின் மானமும் காக்கப்பட்டது. அதற்கான விலையைக் கொடுத்தவன் மூன்றாமவனாகிய திரிசங்கு ஒருவனே. வலியோர் இருவர் பொருதிப் பின் சமரசமாகும்போது, யாருக்காகப் பூசல் தொடங்கியதோ அவன் நடுவிலே தொங்கவிடப்படுவது மனித வரலாற்றில் நாம் பலமுறை கண்ட காட்சியாகும். வால்மீகியின் கற்பனை இவ்விடத்தில் உலகியலிலிருந்து விலகியதாகத் தோன்றினும், உலகியலின் உள்ளமைப்பை அது துல்லியமாகப் பிடித்துள்ளது. அரிஸ்டாட்டில் வேண்டிய நம்பத்தக்க இயலாமை என்பதற்கு இதனினும் சிறந்த எடுத்துக்காட்டைத் தேடவேண்டியதில்லை.

விசுவாமித்திரரின் படைப்பைப் பற்றியும் ஒன்று கூறவேண்டும். அவர் புதிய வானமொன்றைப் படைக்கத் துணிந்தார். ஆனால் எதனைப் படைத்தார்? பழைய வானில் எழுவர் முனிவர் இருந்தனர்; இங்கும் எழுவர். அங்கு விண்மீன் வரிசை இருந்தது, இங்கும் அதுவே. அங்கு இந்திரன் இருந்தான். இங்கும் இந்திரன் வேண்டுமென எண்ணினார். இந்திரனே இல்லாத உலகு என்ற பேரெண்ணம் ஒருகணம் மின்னி மறைகின்றது, அது நிறைவேறவில்லை. எதிர்ப்பாளன் தான் எதிர்க்கும் ஒழுங்கையே அச்சாகக் கொண்டு தன் மாற்று உலகை வார்க்கும் அவலம் இது. சினம் மட்டும் புதிய உலகைப் படைக்கப் போதாது என்பதைக் கவிஞர் வெளிப்படக் கூறவில்லை. ஆயின் கதையின் கட்டுக்கோப்பு அதனைக் கூறிவிடுகின்றது.

சொல்பவரும் கேட்பவரும்

இக்கதையை எவர் எவருக்குச் சொல்கிறார் என்பதைப் பெரும்பாலோர் கவனிப்பதில்லை. சொல்பவராகிய சதானந்தர் கோதமருக்கும் அகலிகைக்கும் பிறந்த மைந்தர். அகலிகையோ கணவனின் சாபத்தால் நெடுங்காலம் ஒதுக்கப்பட்டுக் கிடந்து, மிதிலைக்கு வரும் வழியிலே இராமனால் மீட்கப்பெற்றவள். தாய் மீண்ட செய்தியை அப்போதுதான் கேட்ட மகன், சபிக்கப்பட்ட அரசனொருவனின் கதையைத் தொடங்குகிறார். சாபம் என்பது யாது, அதற்கு ஆளானவரை உலகம் எவ்வாறு நடத்தும் என்பதைத் தம் இல்லத்திலேயே அறிந்தவர் அவர். விசுவாமித்திரரைப் புகழும் அவரது உரையில் நன்றியுணர்வு ஒருபுறமிருக்க, ஒதுக்கப்பட்டோர்மீதான பரிவும் கலந்திருப்பதாகக் கொள்வதில் தவறில்லை. கம்பனும் தன் பாலகாண்டத்து மிதிலைக் காட்சிப் படலத்திலே சதானந்தர் வாயிலாகவே இவ்வரலாற்றைச் சொல்விக்கிறான். வால்மீகி விரித்ததை அவன் சுருக்கினானெனினும், சொல்பவரை மாற்றவில்லை.

கேட்பவனாகிய இராமனோ திரிசங்குவின் வழித்தோன்றல். அதே பாலகாண்டத்திலே சில சருக்கங்கள் கழிந்தபின், திருமணத்தின் பொருட்டு இராமனின் குலமுறை கிளத்தப்படுகின்றது. கிளத்துபவர் வசிட்டர். யாருடைய மறுப்பிலே இவ்வரசனின் அவலம் தொடங்கியதோ, அவரே மணமண்டபத்தில் பிருதுவின் மைந்தன் திரிசங்கு என முன்னோர் வரிசையில் வைத்து எண்ணுகிறார். சாபத்தைப் பற்றியோ, இருப்பிடம் இழந்ததைப் பற்றியோ ஒரு சொல்லும் இல்லை. ஒரே காண்டத்தினுள் சதானந்தரின் வாயில் அவன் நான்கு சருக்கங்களுக்கு விரியும் துன்பக்கதை. வசிட்டரின் வாயில் அவன் குலவரிசையில் ஒரு பெயர். வரலாறு எழுதப்படும் இருவேறு முறைகளையும் கவிஞர் அருகருகே வைத்துள்ளார். பாதிக்கப்பட்டோரின் பக்கம் நிற்பவனுக்கு நிகழ்ந்தது நினைவிருக்கின்றது. குலப்பெருமை பேசுபவனுக்குப் பெயர் போதுமாயிருக்கின்றது.

ஒரு விண்மீன், மூன்று முகங்கள்

திரிசங்கு பாலகாண்டத்தோடு மறைந்துவிடவில்லை. இவ்விண்மீன் காவியத்தின் வேறு இரண்டு இடங்களில் மீண்டும் தோன்றுவதை ஒப்புநோக்கினாலன்றி அதன் முழுப்பொருள் விளங்காது.

அயோத்தியா காண்டத்தில் இராமன் காடேகுகின்றான். நகரம் துயரில் மூழ்குகின்றது. அப்போது திரிசங்கு, செவ்வாய், வியாழன், புதன் முதலாயின கொடுந்தோற்றத்தோடு திங்களைச் சென்று சூழ்ந்தனவாகக் கவிஞர் கூறுகிறார். இங்கே நம் விண்மீன் தீநிமித்தம். அண்டவியல் நோக்கில் இது பெரும் முரண்பாடு. பழைய வான்வழிக்குப் புறத்தே, தென்கோடியில் நிலைநிறுத்தப்பட்ட ஒன்று திங்களின் பாதைக்கு எங்ஙனம் வரக்கூடும்? கோள்கள் நகரும், நிலைத்த விண்மீன் நகராது. தன் கற்பனையுலகுக்குத் தானே வகுத்த விதியைக் கவிஞர் தாமே மீறிவிட்டாரெனக் குறைகூற இடமுண்டு. காவியத்தின் வெவ்வேறு பகுதிகள் வெவ்வேறு காலத்தன, வெவ்வேறு கையின என்று கூறி இதனைக் கடந்துபோவாரும் உளர். பாலகாண்டம் பிற்சேர்க்கை என்பது ஆய்வாளர் பலரின் கருத்தாகையால், அவ்விளக்கம் புறக்கணிக்கத்தக்கதன்று. எனினும், இன்று ஒரே நூலாகப் படிக்கும் வாசகனுக்கு இம்முரண் வேறொரு பொருளைத் தருகின்றது. ஒருமுறை ஒதுக்கப்பட்டவனை, நாட்டிலே தீங்கு நேரும் வேளையில் முதலில் ஐயுறுவது ஊர் வழக்கம். குற்றம் நிகழ்ந்த இடத்தில் அவன் இருந்திருக்கவே முடியாது என்பது அப்போது எவர் நினைவுக்கும் வருவதில்லை.

மூன்றாவது தோற்றம் யுத்த காண்டத்தின் தொடக்கத்தில் நிகழ்கின்றது. வானரப்படை தெற்கு நோக்கிப் புறப்பட்டுவிட்டது. இலக்குவன் அண்ணனுக்கு நன்னிமித்தங்களைக் காட்டி உரைக்கிறான். திசைகள் தெளிந்துள்ளன; கதிரவன் ஒளிர்கின்றான்; நம் குலத்து முன்னோனாகிய அரசமுனி திரிசங்கு, தன் புரோகிதரோடு நம்முன்னே மாசின்றி விளங்குகின்றான் என்கிறான். எத்துணைப் பெரிய மாற்றம்! சண்டாளன் என வெருண்டு ஓடப்பட்டவன் இப்போது அரசமுனி. தீநிமித்தமாய் இருந்தவன் நன்னிமித்தம். புரோகிதர் என்றது எவரை? ஒருகால் வெறுத்த வசிட்டரையா, ஏற்ற விசுவாமித்திரரையா? மூலம் பெயர் சுட்டவில்லை. அந்த மௌனமும் நயமானதே.

இம்மூன்று இடங்களையும் ஒருசேர வைத்து நோக்குமிடத்து ஓர் உண்மை புலனாகும். விண்மீன் எங்கும் மாறவில்லை. பார்ப்பவர் நிலையே மாறுகின்றது. அரண்மனை சீராக இயங்கும்போது அவன் ஒதுக்கப்பட்டவன். அரண்மனை கலங்கும்போது அவன் அச்சுறுத்துபவன். அரண்மனையிழந்து, தாமும் காட்டிலும் கரையிலும் அலைந்து தெற்கே நடக்கும் இளைஞருக்கு அவன் பாட்டன். நாடிழந்த பின்னரே அவர்கள் அவனைப் பாட்டன் என்று சொல்லக் கேட்கிறோம். இதுவே இவ்விண்மீன் தன் கற்பனையுலகிற் செய்யும் தொழில் என்பது என் கருத்து.

வானம் என்னும் பதிவேடு

இவ்விடத்திலே பிற விண்மீன்களோடு ஒப்பிடுதல் பயனுடைத்து. நம் இலக்கியத்தில் வானம் பெரும்பாலும் நற்பண்புகளின் பதிவேடாக விளங்குகின்றது. அருந்ததியாகிய வடமீன் கற்பின் அடையாளம். பெரும்பாணாற்றுப்படையும் சிலப்பதிகாரத்தின் மங்கல வாழ்த்துப் பாடலும் அதனை அவ்வாறே எடுத்தாளுகின்றன. எழுமீன்கள் முனிவர் எழுவர். துருவன் உறுதியின் உருவம். சங்கப்புலவர் வானைக் கண்ணாற் கண்டு பாடினர் என்பதும் உண்மை. கூடலூர் கிழார் விண்மீனொன்று விழக்கண்டு சேரனின் மறைவை முன்னுணர்ந்து பாடிய புறப்பாட்டிலும், வெள்ளி திசை மாறினும் காவிரி பொய்யாது என்னும் பட்டினப்பாலைத் தொடக்கத்திலும் அக்காட்சித் துல்லியம் தெளிவு. ஆனால் அங்கும் வானம் அரசனின் விதியோடும் நாட்டின் வளத்தோடும் பிணைந்ததே. எதிர்ப்பின் விளைவாக வானில் இடம்பெற்ற விண்மீன் திரிசங்கு ஒருவனே என்று சொல்லத் தோன்றுகின்றது.

துருவனோடு அவனை ஒப்பிடுக. தந்தையின் மடியில் அமரவொட்டாது சிற்றன்னையால் விலக்கப்பட்ட சிறுவன் துருவன். அவனும் மறுக்கப்பட்டவனே. ஆயின் அவன் தவஞ்செய்து, திருமாலின் வரத்தால், வடக்கே அசையாத இடம் பெறுகிறான். முறையாக விண்ணப்பித்து முறையாகப் பெற்ற இடம் அது. திரிசங்குவோ விதியை மீறிக் கேட்டவன், பாதி பெற்றவன், தெற்கே நிற்பவன். வடக்கு உயர்வென்றும் தெற்கு தாழ்வென்றும் கொள்ளும் பண்டை மனப்பாங்கு இவ்விரு கதைகளின் திசையமைப்பிலும் படிந்துள்ளது.

வானியல் இவ்வுயர்வு தாழ்வுக்கு இடங்கொடுக்கவில்லை என்பது சுவையான செய்தி. நிலவுலகின் அச்சு மெல்லச் சுழன்று ஏறத்தாழ 26,000 ஆண்டுகளில் ஒரு வட்டம் வருகின்றது. அதனால் துருவப்புள்ளியும் விண்மீன்களிடையே இடம்பெயர்கின்றது. இன்று நாம் துருவமெனச் சுட்டும் விண்மீன் 2000 ஆண்டுகளுக்கு முன் வடதுருவப் புள்ளியிலிருந்து ஏறத்தாழ 12 பாகை விலகி நின்று, ஏனையவற்றைப் போலச் சுழன்றுகொண்டிருந்தது. அக்காலத்திலே துருவப் புள்ளியில் ஒளிமிக்க விண்மீன் எதுவும் இருக்கவில்லை. ஆகவே காவியங்களும் பழம் புராணங்களும் உருப்பெற்ற காலத்து வானில், அசையாத துருவனும் ஒருவகையிற் கற்பனையே. ஒரு கற்பனையை ஒழுக்கத்தின் உச்சமாகவும், மற்றொன்றைப் பேராசையின் தண்டனையாகவும் நாம் வைத்துக்கொண்டோம். அவ்வேறுபாடு வானிலிருந்து வந்ததன்று.

புராணங்கள் கூறும் மற்றொரு திரிசங்கு

பேராசையின் தண்டனை என்ற விளக்கத்துக்கு மாறான சான்று புராணங்களிலேயே உண்டு. விட்டுணு புராணமும் அரிவம்சமும் இவனைச் சத்தியவிரதன் என்று அறிமுகஞ் செய்கின்றன. பன்னீராண்டுப் பஞ்சம் ஒன்றிலே, தவத்துக்குச் சென்றுவிட்ட விசுவாமித்திரரின் மனைவி மக்களுக்கு ஊனுணவு தந்து உயிர்காத்தவன் அவன் என்கின்றன. தன் கையால் நேரே கொடுத்தால் ஏற்கமாட்டாரென அஞ்சி, கங்கைக் கரையிலே ஆலமரத்திற் கட்டிவைத்துச் சென்றான் என்று விட்டுணு புராணம் கூறும் செய்தி நெஞ்சை உருக்குவது. அந்நன்றிக்காகவே முனிவர் அவனை உடலோடு விண்ணேற்றினார். அரிவம்சத்தில் அவனது பெயர் மூன்று குற்றங்களைக் குறிப்பதாகப் பொருள் கொள்ளப்பட்டமையும் நினைக்கத்தக்கது. உண்பித்தவன் என்பதற்கன்றி, குற்றம் புரிந்தவன் என்பதற்கே பெயர் நிலைத்தது.

புராண மரபில் இவனது மைந்தன் அரிச்சந்திரன். வால்மீகியின் குலவரிசையில் அவன் பெயர் இல்லையாயினும், நம் மக்கள் அறிந்த அரிச்சந்திரன் திரிசங்குவின் மகனே. தந்தை சாபத்தாற் சண்டாளனானான்; மகன் வாய்மையின் பொருட்டுச் சுடலை காத்தான். தந்தையை உயர்த்திய அதே விசுவாமித்திரர் மகனைச் சோதித்தார். ஈழத்துக் கிராமங்கள்தோறும் நடிகமணி வி. வி. வைரமுத்துவின் மயான காண்டம் மேடையேறியபோது, சுடலையிலே நின்ற மகனுக்காக மக்கள் கண்ணீர் உகுத்தனர். தந்தைக்கோ நம்மிடையே ஒரு பழமொழி மட்டும் எஞ்சியது. புதுமைப்பித்தன் தம் 'சாப விமோசனம்' வாயிலாக அகலிகையின் துயரத்தை மறுபடி வினாவுக்குள்ளாக்கினார். அத்தகைய மறுநோக்கைத் திரிசங்குவும் வேண்டி நிற்கிறான்.

உச்சமுனையின் வானம்

இதுவரை ஏட்டு வானத்தைக் கண்டோம். இனி வீட்டு வானத்துக்கு வருதல் தகும்.

பிற்கால வழக்கு திரிசங்குவைத் தென்சிலுவை என்னும் விண்மீன் கூட்டத்தோடு இணைத்துக் கூறும். வால்மீகி நான்கு விண்மீன்களைச் சுட்டவில்லை. ஆயின் தென்வானில் தலைகீழாய் நிற்பவன் என்ற வருணனைக்கு அது பொருந்துவதால் அவ்வழக்கு நிலைத்தது. இன்று அயோத்தியிலிருந்து நோக்குவார்க்கு அக்கூட்டம் அடிவானை ஒட்டியே தோன்றும். அதன் அடிமீனைக் காண்பது அரிது. கற்பிட்டிக்கு வடக்கே, புத்தளம் கடனீரேரிக்கும் மன்னார் வளைகுடாவுக்கும் இடையே கிடக்கும் மணல்நாவாகிய எங்கள் உச்சமுனையிலோ அது உச்சம் பெறும்போது அடிவானிலிருந்து ஏறத்தாழ 20 பாகை உயரத்தில் நிமிர்ந்து நிற்கும். துருவமீனோ வடக்கே 8 பாகை உயரத்திலேதான் இருக்கும். கடற்புகாரில் அது பெரும்பாலும் மறைந்துவிடும். வடநாட்டுப் புலவர்க்குத் துருவன் உயர்ந்தவன், திரிசங்கு தாழ்ந்தவன். எங்கள் மணலில் நிற்பவனுக்கு அவ்வுயரங்கள் இடம் மாறிவிடுகின்றன.

என் பாட்டனார் அதனைக் குருசு வெள்ளி என்பார். கடல் அமைதியாயிருக்கும் தை மாதத்து வாடைக்காலத்தில், விடியுமுன் நான்கு மணியளவில் அது தென்றிசையில் நேராக எழுந்து நிற்கும். வலை வாங்கும் வேளை அது. குருசு நிமிர்ந்தால் அதன் அடி காட்டும் பக்கம் தெற்கு, வலப்பக்கம் மேற்கு, முதுகுக்குப் பின்னே வடக்கு என்று அவர் எனக்குக் கற்பித்தார். திரிசங்கு என்ற பெயரை அவர் கேள்விப்பட்டதில்லை. அரபு மாலுமிகளின் கமாலைப் பற்றியோ, சோழமண்டலக் கரையோர் கையாண்ட இராப்பலகையைப் பற்றியோ அவர் படித்ததில்லை. விரல்களை மடக்கி வானை அளக்க மட்டும் அறிந்திருந்தார். இன்று எங்கள் படகுகளில் ஜீ.பீ.எஸ். கருவி வந்துவிட்டது. எனினும், மின்கலம் தீர்ந்த இரவுகளில் மூத்தோர் இன்னும் தெற்கே அண்ணாந்து பார்ப்பதுண்டு.

குருசு என்ற பெயரும் பழையதன்று. கிரேக்க வானியலாளர் தொலமி இரண்டாம் நூற்றாண்டிலே அலெக்சாந்திரியாவிலிருந்து இவ்விண்மீன்களைக் கண்டு, குதிரைமனிதன் என்ற கூட்டத்தினுள் அடக்கினார். 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்துமாக்கடலிற் பயணஞ் செய்த ஐரோப்பியர் அவற்றைச் சிலுவையெனக் கண்டு எழுதினர். போர்த்துக்கேயர் இலங்கைக்கு வந்த காலமும் அதுவே. ஒரே நான்கு விண்மீன்களை ஒருவர் குதிரைமனிதனின் காலென்றார், ஒருவர் மன்னனென்றார், ஒருவர் சிலுவையென்றார். ஒவ்வொரு கற்பனை உலகும் அவற்றுக்கு ஒவ்வோர் இடத்தை அளித்தது.

ஆயினும், கதையையும் கண்டதையும் ஒன்றாக வைத்துப் பார்த்தபோது எனக்கு ஓருண்மை தோன்றிற்று. அந்நான்கு விண்மீன்களுள் ஒளிமிக்கது எது? சிலுவையின் உச்சியில் உள்ளதன்று, அடியில் உள்ளதே. தலைகீழாய் நிற்பவன் என்று கொண்டால், அவ்வடிமீனே அவன் தலை. தாழ்ந்து தொங்கும் அத்தலையே பேரொளியுடையது. மேலிருந்து கீழ்நோக்கிய அவன் உடலை ஒரு கோடாக நீட்டினால் அது தென்துருவத்தைச் சுட்டும். கொத்தனின் தூக்குநூல் தொங்குவதால் அன்றோ நேரைக் காட்டுகின்றது? இவனும் தொங்கியே திசை காட்டுகின்றான். இந்திரன் தண்டனையாக எண்ணிய அந்நிலையிலேயே அவன் கடலோடிக்குப் பயன்படுகின்றான். இதனை வால்மீகி கருதினார் என்று நான் வாதிடவில்லை. பாடலைப் பாடியவர் விட்ட இடத்தைப் படிப்பவர் நிரப்பும் உரிமையையே ஈண்டு எடுத்துக்கொள்கிறேன்.

முடிவாக

திரிசங்கு சொர்க்கம் என்னும் வழக்கு, கதையின் ஒரு பாதியை வைத்துக்கொண்டு மறுபாதியைக் கைவிட்டது. அங்குமின்றி இங்குமின்றித் தொங்குதல் என்ற தோல்வியை அது நினைவிற் கொண்டது. அவன் ஒளிர்ந்தான் என்பதையும், ஏனைய விண்மீன்கள் அவனைச் சூழ்ந்து நின்றன என்பதையும், ஈற்றில் வழிதேடிய பேரப்பிள்ளைகள் அவனைப் பாட்டனென்று சுட்டினர் என்பதையும் அது மறந்தது. பழமொழி இலக்கியத்தைச் சுருக்கித் தரும். சுருக்கும்போது எப்பக்கத்தைக் கழிக்கின்றது என்று காண்பது திறனாய்வாளனின் கடன்.

கடற்கரையிலிருந்து வந்து நூலகத்தில் அமர்ந்திருப்போரைத் திரிசங்குகள் என்பார் கூற்றை இப்போது நான் முழுதும் மறுக்கவில்லை. இரண்டு உலகிலும் பாதி நிற்றல் நோவுடையதே. வலை பின்னும் சொற்களை வகுப்பறையில் நாங்கள் உதிர்த்துவிடுகிறோம். வகுப்பறைச் சொற்களை வீட்டில் விளங்கவைக்க இயலாது தவிக்கிறோம். அந்நோவை அழகென்று புகழ்வதும் பொய்யாகும். ஆனால் விசுவாமித்திரர் செய்த பிழையை நாமும் செய்யவேண்டியதில்லை. மறுக்கப்பட்ட பழைய வானத்தின் நகலொன்றைச் சினத்தோடு கட்டி, அதன் நடுவே நம்மவரைத் தலைகீழாய் நிறுத்திவிட்டு மனநிறைவு கொள்வது கல்வியின் பயனாகாது. பாட்டனாரின் விரற்கணக்கும் வால்மீகியின் சருக்கங்களும் ஒரே வானைப் பற்றியவை என்று கண்டு, இரண்டையும் ஒரு தாளில் எழுத முனைவதே நாம் செய்யத்தக்கது.

சென்ற விடுமுறையிலே ஊர் சென்றபோது, விடியுமுன் மணலில் நின்று, குருசு வெள்ளிக்கு ஏட்டிலே வேறொரு பெயருண்டு எனப் பாட்டனாருக்குக் கதையைச் சொன்னேன். முழுதும் கேட்டுவிட்டு, அவனை இறக்கிவிட ஒருவரும் வரவில்லையா என்று மட்டும் அவர் வினவினார். நான் படித்த எவ்வுரையிலும் அவ்வினா எழுப்பப்படக் காணவில்லை.